குரலுக்கு ஒரு பூட்டு: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: பேச்சைக் குழப்பி அனுப்பும் கருவி இரண்டாம் உலகப் போரின் தொடக்கத்திலேயே இருந்தபோது, ஐம்பது டன்னுக்கும் அதிகமான எடையில் இன்னொன்றை அமெரிக்கர்கள் ஏன் செய்தார்கள்?

பதில்: குழப்புவது வேறு, மறைகுறியாக்கம் வேறு. வாஷிங்டனுக்கும் லண்டனுக்கும் இடையே முதலில் பயன்பட்ட ஏ-3 கருவி, குரலின் அலைவரிசையை ஐந்து பட்டைகளாகப் பிரித்து, அவற்றை இடம் மாற்றியும் தலைகீழாக்கியும் வானொலியில் அனுப்பியது. நடுவில் கேட்பவருக்கு அது வெறும் இரைச்சல்தான். ஆனால் ஒவ்வொரு பட்டையிலும் குரல் குரலாகவே இருந்ததால், அவற்றைப் பழையபடி அடுக்கிவிட முடிந்தது. ஜெர்மன் அஞ்சல் துறையினர் நெதர்லாந்தில் ஒட்டுக்கேட்பு நிலையம் அமைத்து, 1942 முதல் அதைத்தான் செய்தார்கள்.

நீங்கள் கேட்கும் அந்தக் கனமான கருவி, அமெரிக்காவின் பெல் ஆய்வகம் உருவாக்கிய சிக்சாலி. அது குரலை முதலில் எண்களாக்கியது. பேச்சின் தன்மையைப் பன்னிரண்டு தடங்களில் அளந்து, ஒவ்வொரு தடத்தையும் நொடிக்கு 50 முறை, 0 முதல் 5 வரையுள்ள ஓர் எண்ணாகக் குறித்தது. அந்த எண்ணுடன் இசைத்தட்டில் பதிந்திருந்த சாவி எண் ஒன்று கூட்டப்பட்டது. கூட்டுத்தொகை ஆறையோ அதற்கு மேலோ எட்டினால் ஆறு கழிக்கப்பட்டது. குரலின் எண் 4, சாவி 5 என்றால் வழியில் செல்வது 3. மறுமுனையில் அதே 5-ஐக் கழித்து, விடை பூஜ்யத்துக்குக் கீழே போவதால் ஆறைக் கூட்டினால், 4 திரும்பக் கிடைக்கும். சாவி எண்கள் பாதரச ஆவிக் குழாய்களின் இரைச்சலிலிருந்து எடுக்கப்பட்டதால் அவற்றில் எந்த ஒழுங்கும் இல்லை. சுமார் 12 நிமிடம் ஓடும் அந்த இசைத்தட்டுகள் இரு நகரங்களிலும் இம்மியும் பிசகாமல் ஒன்றாகச் சுழல வேண்டியிருந்தது, பயன்படுத்தியபின் அழிக்கப்பட்டன. எடையெல்லாம் இதற்குத்தான். மறுமுனையில் கேட்டது இயந்திரக் குரல் என்பது உண்மையே, ஆனால் பூட்டு அசைக்க முடியாதது.

1943 ஜூலை 15-இல் இது இயங்கத் தொடங்கியது. வேடிக்கை என்னவென்றால், இரண்டே வாரம் கழித்து, ஜூலை 29-இல் சர்ச்சிலும் ரூஸ்வெல்ட்டும் இத்தாலி பற்றிப் பழைய ஏ-3 தடத்திலேயே பேச, ஜெர்மானியர் அதைக் கேட்டுவிட்டார்கள்.

கேள்வி: வியட்நாம் போரில் நல்ல கருவிகள் இருந்தும் அமெரிக்கப் படையினர் வானொலியில் மறைகுறியாக்கம் இல்லாமல் வெளிப்படையாகப் பேசியது ஏன்?

பதில்: சோம்பேறித்தனம் என்று சொல்லிவிடுவது நியாயமாகாது. அன்று அவர்களிடமிருந்த நெஸ்டர் என்ற குரல் மறைகுறியாக்கக் கருவிக் குடும்பத்தில், வாகனத்துக்கான கேஒய்-8 வெப்பத்தில் தவித்தது. காலாட்படைக்கான கேஒய்-38, ஏற்கெனவே வானொலியைச் சுமப்பவரின் அணிக்கு இன்னொரு கனமான பெட்டியாயிற்று. ஆகவே பலர் தாங்களே புனைந்த சங்கேதச் சொற்களை நம்பினார்கள். 1969 டிசம்பரில் எதிரியின் ஒட்டுக்கேட்புக் குழு ஒன்று பிடிபட்டபோது, அவர்களிடமிருந்த குறிப்பேடுகளில் அமெரிக்கப் படையினரின் அந்தப் பேச்சுகளே எழுதப்பட்டிருந்தன.