நீத்துப்பெட்டி: ஒரு கடிதம்

அன்புள்ள ஐயா,

காட்பாடியில் முனைவர் பட்ட ஆய்வில் இருக்கிறேன். வேலூர் அருகே மேல்மொணவூர் இலங்கைத் தமிழ் அகதிகள் முகாமில் ஒரு பாட்டியை ஐந்து நாள் படமெடுத்தேன். 1983 ஜூலையில் தமிழருக்கு எதிரான கலவரத்தில் கொழும்பில் வீடு எரிந்தபோது தப்பியவர். பிறகு யாழ்ப்பாணம், 1990இல் மண்டபம் முகாம், அப்புறம் இங்கே. அந்த நாளைக் கேட்டால், நீத்துப்பெட்டியில் (புட்டு அவிக்கும் ஓலைக் கூடை) அவிய வைத்த புட்டை இறக்காமல் ஓடி வந்ததையே திரும்பத் திரும்பச் சொல்கிறார். பழைய படங்கள் ஒன்றும் அவரிடம் இல்லை. "சம்பவம் எங்கே?" என்கிறார் என் வழிகாட்டி.

(பி.கு: ஒலி சுத்தமாக வர மின்விசிறியை நிறுத்தித்தான் எடுத்தேன்.)

பெயர் வேண்டாம்

அன்புள்ள தம்பிக்கு,

அந்தப் புட்டுதான் சம்பவம். கும்பல் வாக்காளர் பட்டியலோடு வீடு தேடி வந்ததைப் பலரும் எழுதிவிட்டார்கள். அடுப்பில் தீய்ந்த புட்டு எந்த அறிக்கையிலும் இல்லை.

கை மறக்காததைக் காட்டும் ஒரு படத்தைச் சொல்கிறேன். கம்போடியாவில் 1975 முதல் 1979 வரையிலான க்மெர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் இயக்கத்தின் ஆட்சியில் ஏறத்தாழ 17 லட்சம் பேர் செத்தார்கள். திரைப்பட இயக்குநர் ரித்தி பான் அப்போது சிறுவன், பெற்றோரைப் பறிகொடுத்தவர். தலைநகர் நோம்பென்னில் பள்ளிக்கூடமாக இருந்து எஸ்-21 என்ற சிறையான கட்டடத்துக்கே பழைய காவலர்களை அழைத்துப்போய் அவர் எடுத்த படம் 2003இல் வந்தது. அங்கே குறைந்தது 12,272 பேர் கொல்லப்பட்டதாகப் பின்னாளில் நீதிமன்றம் சொன்னது. படத்தில் ஒரு காவலர் காலியான அறைக்குள் போகிறார். இல்லாத பூட்டை இழுத்துப் பார்க்கிறார். இல்லாத கைதியை அதட்டுகிறார், தண்ணீர் கொடுக்கிறார். இளம் வயதில் பழகிய வேலை, கை தானாகச் செய்கிறது. நான் பார்த்த இரவு தூங்கவில்லை.

தன் குடும்பத்தின் கதைக்குப் படங்கள் இல்லாதபோது அதே மனிதர் களிமண் பொம்மைகளைச் செய்வித்து 2013இல் இன்னொரு படம் எடுத்தார். ஆகவே புகைப்படக் கவலையை விடுங்கள்.

நாஜிகள் யூதர்களைக் கொன்றது பற்றிப் பிரெஞ்சு இயக்குநர் கிளாட் லான்ஸ்மன் எடுத்த 1985ஆம் ஆண்டுப் படம் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். பழைய காட்சித் துண்டு ஒன்றுகூடக் கிடையாது. திரெப்ளிங்கா என்ற நாஜிக் கொலை முகாமில் பெண்களுக்கு முடிவெட்ட வைக்கப்பட்டவர், ஒரு சலூனில் கத்தரியை ஓட்டிக்கொண்டே பேசுவார். ஓரிடத்தில் தொண்டை அடைத்து நிறுத்திவிடுவார். சொல்லித்தான் ஆகவேண்டும் என்று லான்ஸ்மன் வற்புறுத்துவார். அந்த வற்புறுத்தல் எனக்கு இன்றும் ஒப்பவில்லை. அது இல்லாவிட்டால் அந்தக் காட்சியே இல்லை என்பதும் தெரியும்.

நீங்கள் வற்புறுத்த வேண்டாம். நாற்காலியில் உட்காரவைத்துக் கேள்வி கேட்டால் பாட்டி உங்களுக்குச் சாட்சி சொல்லத்தான் பார்ப்பார். ஒருநாள் புட்டு அவித்துத் தருவாரா என்று கேளுங்கள். மாவைக் குழைக்கும்போது கேமரா கையின் மேல் இருக்கட்டும், நீங்கள் வாயைத் திறக்காதீர்கள். மாட்டேன் என்றால் கேமராவை மூடிவைத்துவிட்டு, அவர் கொடுக்கும் தேநீரைக் குடித்துவிட்டு வாருங்கள். வெட்டாத முழுப் பதிவில் ஒரு பிரதி பாட்டி வீட்டில் இருக்க வேண்டும். ஆய்வேட்டுக்கு முன்னால் அதைச் செய்யுங்கள்.

அப்புறம், வேலூர் வெயிலில் ஒரு கிழவியை மின்விசிறி இல்லாமல் ஐந்து நாள் உட்காரவைத்திருக்கிறீர்களே! போட்டுவிடுங்கள். இரைச்சல் வந்தால் வரட்டும்.