அபிராமி பட்டரும் ஜெயிலரும்

அன்புள்ள ஐயா,

போன வாரம் பெரியப்பாவின் மணிவிழாவுக்குத் திருக்கடையூர் போயிருந்தோம். பந்தியில் உட்கார்ந்திருந்தபோது ஸ்பீக்கரில் ‘சொல்லடி அபிராமி’. ‘ஆதிபராசக்தி’ படத்தில் அபிராமி பட்டராக வருபவர் எஸ்.வி. சுப்பையா என்று பையனிடம் சொன்னேன். “அவர் சொந்தப் படமும் எடுத்திருக்கார் தெரியுமா?” என்றார் பக்கத்து இலைக்காரர். அப்பா, அண்ணன் வேஷத்திலேயே காலம் தள்ளிய மனிதருக்கு எதற்கு இந்த வேண்டாத வேலை? தனக்கென்று ஒரு பெரிய வேஷம் வேண்டும் என்றுதானா?

ஒரு வாசகர், குத்தாலம்

அன்புள்ள நண்பருக்கு,

பக்கத்து இலைக்காரர் சொன்னது சரி. படம் ‘காவல் தெய்வம்’, 1969. ஜெயகாந்தனின் ‘கைவிலங்கு’ கதை, கே. விஜயன் இயக்கம்.

ஆனால் உங்கள் கடைசிக் கேள்விக்கு அந்தப் படமே நேர்மாறான பதில். சொந்தக் காசைப் போடுகிற நடிகர் முதலில் தன் வேஷத்தைத்தான் நீட்டுவார். சுப்பையா தனக்கு எடுத்துக்கொண்டது ஜெயிலர் வேஷம். கைதிகள் பேச, இவர் கேட்டுக்கொண்டிருப்பார். இளம் ஜோடியாக சிவகுமாரும் லட்சுமியும். மகளைச் சீரழித்தவர்களைப் பழிவாங்கும் மரமேறி சாமுண்டியாக சிவாஜி. கௌரவ வேஷம்தான். சிவாஜி சம்பளம் வாங்காமல் நடித்துக் கொடுத்தார் என்பார்கள். அவர் வந்த பிறகு படம் அவருடையதாகிவிடுகிறது. அது தெரியாமலா தயாரிப்பாளர் அவரைக் கூப்பிட்டிருப்பார்?

எங்கள் ஊர் டூரிங் கொட்டகையில் மணலைக் குவித்து உட்கார்ந்து பார்த்த படம். சிவாஜிக்கு விசில் பறந்தது. வீட்டுக்கு நடந்து வரும்போது அப்பா மட்டும், “அந்த ஜெயிலர் சும்மா நிக்கிறான் பாரு, அதுதான்டா கஷ்டம்” என்றார். எனக்கு அன்று புரியவில்லை. நான் திரையிலேயே தோன்றிப் பாடிய டி.எம்.எஸ்ஸையும் சீர்காழி கோவிந்தராஜனையும் நினைத்துக்கொண்டு வந்தேன். சீர்காழி நம்மூர்க்காரர் இல்லையா!

நாடகக் கம்பெனியில் வளர்ந்தவர்களுக்கு இந்தக் குணம் உண்டு. அடுத்தவன் வசனம் எடுபட்டால்தான் தன் காட்சி நிற்கும் என்று அவர்களுக்குத் தெரியும். ‘கப்பலோட்டிய தமிழ’னில் வ.உ.சி.யாக சிவாஜி நிற்கும்போது பக்கத்தில் பாரதியாக சுப்பையா. சிவாஜியோடு மல்லுக்கு நிற்கவும் மாட்டார், ஒதுங்கவும் மாட்டார். அதே மனசோடுதான் படமும் எடுத்தார் என்று எனக்குத் தோன்றும். அவர் தயாரித்தது, கதை பிடித்துப்போன ஒரு குணச்சித்திர நடிகரின் படம். முதலாளியின் படம் அல்ல.

அப்புறம் என்ன ஆனார் என்றால், பழையபடி மேக்கப் போட்டுக்கொண்டார். நீங்கள் பந்தியில் நினைத்துக்கொண்ட பட்டர் 1971-இல் ‘ஆதிபராசக்தி’யில் வந்தவர், அதாவது படம் தயாரித்து இரண்டு வருஷம் கழித்து. தை அமாவாசையைப் பௌர்ணமி என்று சொல்லிவிட்டு, சரபோஜி மன்னர் முன்னால் மாட்டிக்கொண்டு நிற்கிற அந்தப் பித்தரை அவ்வளவு உருக்கமாக வேறு யார் செய்திருப்பார்கள்? 1973-இல் ‘அரங்கேற்ற’த்தில் வறுமையில் உழலும் புரோகிதர். திரும்பவும் அப்பா வேஷம்தான்.

நம்ம பக்கத்தில் கதை வேறு மாதிரி. எங்கள் தெருவில் ஒருவர் இரண்டு வேலி நஞ்சையை விற்றுவிட்டுப் படமெடுக்க மெட்ராஸ் போனார். படப்பெட்டி லேபை விட்டு வெளியே வரவேயில்லை. அவர் மட்டும் வந்தார், ஒரு பழைய அம்பாசடரில். சுப்பையா படமெடுத்தவர், ஆனால் செங்குன்றம் தாண்டி காரனோடையில் நிலம் வாங்கி விவசாயமும் பார்த்தார். செங்கோட்டைக்காரர் அல்லவா, வயல் வாசனை போகாது.

பையனிடம் அந்த ஜெயிலரையும் ஒருமுறை காட்டுங்கள். சிவாஜி பேசும்போது சுப்பையா முகத்தைப் பார்க்கச் சொல்லுங்கள்.

அன்புடன்.