ஆட்டிசம் உள்ள குழந்தைக்குப் பட அட்டவணை எதற்கு?

அடுத்தடுத்து நடக்கப்போகும் வேலைகளைப் படங்களாக வரிசையில் ஒட்டிவைப்பதுதான் பட அட்டவணை: பல் தேய்ப்பது, குளியல், இட்லி, ஸ்கூல் வேன். 1970களில் அமெரிக்காவின் வட கரோலினா பல்கலைக்கழகத்தில் எரிக் ஷாப்ளரும் சகாக்களும் வளர்த்த 'டீச்' (TEACCH) என்ற, ஆட்டிசம் உள்ளவர்களுக்கான கற்பித்தல் முறையில் இதற்கு முக்கிய இடம் உண்டு.

சொன்ன சொல் காற்றோடு போய்விடும். படம் அங்கேயே நிற்கும். மும்பை தாதர் ஸ்டேஷனில் அறிவிப்பு இரைச்சலில் கரைந்துபோனாலும், இண்டிகேட்டர் பலகையை அண்ணாந்து பார்த்ததும் எந்த லோக்கல் ரயில் என்று தெரிந்து மனம் அடங்குகிறதல்லவா? ஆட்டிசம் உள்ள பலருக்குப் பேச்சைக் கேட்டவுடன் பிரித்தறிவது சிரமம். அடுத்து என்ன என்று தெரியாதபோது பதற்றம் கூடும்.

முதலில் இரண்டே படம் போதும்: 'முதல்ல குளியல், அப்புறம் ஊஞ்சல்'. பழகியபின் நாலைந்தாக்கலாம். பொதுவான கார்ட்டூனைவிட உங்கள் வீட்டு வாளியின் போட்டோவே பல குழந்தைகளுக்குச் சட்டென்று புரியும். கண்மட்டத்தில் வெல்க்ரோவால் ஒட்டுங்கள். முடிந்த படத்தைக் குழந்தையே கழற்றி டப்பாவில் போடட்டும். வேலை முடிந்தது என்பது அப்போதுதான் கைக்கும் தெரியும்.

பெரும்பாலும் சறுக்கும் இடம் இதுதான்: மழையில் லோக்கல் நின்று திட்டம் மாறும்போது படத்தை மாற்றாமல் வாயால் மட்டும் சொல்வது. 'மாற்றம்' என்றே ஒரு அட்டை செய்து, ஐஸ்கிரீம் போன்ற இனிய மாற்றங்களில் முதலில் பழக்குங்கள். அட்டவணையைக் காட்டி மிரட்டவே கூடாது.

படம் காட்டினால் பேச்சு வராது என்று பலர் அஞ்சுகிறார்கள். இத்தகைய துணைகள் பேச்சைத் தடுப்பதாக ஆய்வுகள் காட்டவில்லை.