மேற்கு என்று ஓர் ஆள் இல்லை, சகோதரி

கேள்வி: அஸ்ஸலாமு அலைக்கும். என் மகளுக்கு 23 வயது. மான்செஸ்டரில் முதுகலை படிக்க இடம் கிடைத்திருக்கிறது. "மேற்கு நாட்டான் இஸ்லாத்தின் எதிரி, முக்காட்டைக் கழற்ற வைக்காமல் விடமாட்டான்" என்று என் தம்பி தடுக்கிறார். மகளோ, "அங்கேயும் பயங்கரவாதத்தைப் பற்றித்தான் கேட்பார்கள் உம்மா, 2019இல் பதில் சொல்லியே களைத்துப்போனேன்" என்று தயங்குகிறாள். அனுப்பலாமா? கேட்பவர்களுக்கு அவள் என்ன சொல்வது?
– ஓர் உம்மா, தெமட்டகொடை

பதில்: வஅலைக்குமுஸ்ஸலாம் சகோதரி. அனுப்புங்கள். இதை முதலிலேயே சொல்லிவிட்டால்தான் மற்றதை நிதானமாகப் பேசலாம்.

தம்பி எந்த நாட்டைச் சொல்கிறார் என்று கேளுங்கள். பிரான்சில் 2004ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அரசுப் பாடசாலை மாணவிகள் முக்காடு அணிய முடியாது. பிரித்தானியாவில் அப்படி ஒரு சட்டம் இல்லை. மதத்தைக் காரணம் காட்டி வேலையிலும் கல்வியிலும் பாகுபாடு காட்டுவதை அங்கே 2010ஆம் ஆண்டின் சமத்துவச் சட்டம் தடுக்கிறது. 2021 குடிசன மதிப்பீட்டின்படி இங்கிலாந்திலும் வேல்ஸிலும் சுமார் 39 இலட்சம் முஸ்லிம்கள் வாழ்கிறார்கள். அவர்களும் மேற்குதான்.

முகத்தை மூடும் ஆடைக்கு நம் இலங்கையிலேயே, தேவாலயங்களிலும் ஹோட்டல்களிலும் நடந்த உயிர்த்த ஞாயிறு குண்டுவெடிப்புகளுக்குப் பின், 2019 ஏப்ரல் 29ஆம் திகதி தடை வந்தது. தடை முகத்திரைக்குத்தான். ஆனால் வெறும் முக்காடு போட்டவர்களையும் கடை வாசலிலும் அலுவலக வாசலிலும் நிறுத்தினார்கள். உங்கள் மகள் அப்போது உயர்தரம் படித்துக்கொண்டிருந்திருப்பாள். கொச்சிக்கடை அந்தோனியார் கோவிலில் குண்டை வெடிக்கவைத்தவனை அவளுக்குத் தெரியாது. அவன் பேசிய மார்க்கம் நீங்கள் அவளுக்கு ஓதிக்கொடுத்த மார்க்கமும் இல்லை. இருந்தும், 'முஸ்லிம்' என்று ஒரே ஓர் ஆள் இருப்பதாக நினைத்துக்கொண்டு அந்த ஆளின் கணக்கை அந்தப் பிள்ளையிடம் கேட்டார்கள். மேற்கைப் பற்றி நாம் வீட்டுக் கூடத்தில் இருந்து பேசுவதும் அதே அநியாயம்தான். வேதக்காரர்களான யூதர்களையும் கிறிஸ்தவர்களையும் பற்றிக் குர்ஆன், "அவர்கள் எல்லோரும் சமமானவர்கள் அல்லர்" என்கிறது (ஆல இம்ரான், 113). அதை ஓதுகிற நாம் இப்படிப் பேசலாமா?

மான்செஸ்டருக்கு அதிக தூரமில்லாத சவுத்போர்ட்டில் 2024 ஜூலை இறுதியில் மூன்று சிறுமிகள் குத்திக் கொல்லப்பட்டார்கள். கொலையாளி முஸ்லிம் அகதி என்று ஒரு பொய் பரவியது. அவன் பிரித்தானியாவிலேயே, கார்டிஃப் நகரில் பிறந்தவன். மறுநாள் மாலை ஒரு கூட்டம் அந்த ஊர்ப் பள்ளிவாசலைக் கல்லால் அடித்து மதிலை உடைத்தது. அளுத்கமையிலும் திகணையிலும் முஸ்லிம்கள் தாக்கப்பட்டதைப் பார்த்த நமக்கு இது புதிதல்ல. ஆனால் விடிந்ததும் நடந்ததையும் தம்பிக்குச் சொல்லுங்கள். ஊர்ச்சனங்கள் தும்புத்தடியோடு வந்து தெருவைக் கூட்டினார்கள். மேசன்மார் வந்து அந்த மதிலைத் திரும்பக் கட்டிக் கொடுத்தார்கள். கல்லை எறிந்தவரும் அந்த நாட்டவர், கல்லை அடுக்கியவரும் அந்த நாட்டவர். உங்கள் மகள் இருவரையும் சந்திப்பாள்.

இனி, அவள் சொல்ல வேண்டிய பதில்.

மான்செஸ்டருக்கும் ஒரு காயம் உண்டு. 2017 மே 22 அன்று இசை நிகழ்ச்சி முடிந்து வெளியே வந்தவர்களிடையே ஒருவன் குண்டை வெடிக்கவைத்தான். 22 பேர் இறந்தார்கள், சிறுபிள்ளைகள் உட்பட. அந்த நகரத்துப் பெண் ஒருத்தி "இதற்கு உங்கள் மார்க்கத்தில் இடம் இருக்கிறதா?" என்று கேட்டால், அது பகையில் பிறந்த கேள்வி என்று எடுத்தவுடன் முடிவு கட்டிவிடக்கூடாது. கொச்சிக்கடையில் பிள்ளையைப் பறிகொடுத்த தாய் நம்மிடம் கேட்டால் எப்படிக் காதுகொடுப்போமோ, அப்படிக் காதுகொடுக்கட்டும். இறந்தவர்களுக்காக வருந்தட்டும், அந்தக் கொலையை மார்க்கம் ஏற்கவில்லை என்று தெளிவாகச் சொல்லட்டும். ஆனால் மன்னிப்புக் கேட்க வேண்டாம். அது அவள் செய்த குற்றமல்ல.

இந்த இடத்தில் நம் பிள்ளைகள் பலர் மருத்துவ மேதை இப்னு ஸீனாவையும் அல்ஜீப்ராவையும் எடுத்து வீசுகிறார்கள். பெருமைப்பட வேண்டியவைதான், ஆனால் பயத்தோடு கேட்கிறவருக்கு அவை பதிலாகா. எனக்கு நினைவில் வருவது நபித்தோழர் ஜஅஃபர் (ரழி) அவர்கள்தான். மக்காவில் துன்புறுத்தப்பட்ட முஸ்லிம்கள் முதன்முதலில் அடைக்கலம் தேடிப் போனது ஆப்பிரிக்காவில் உள்ள அபிசீனியாவுக்கு. நஜ்ஜாஷி என்ற கிறிஸ்தவ மன்னர் ஆண்ட நாடு அது. பின்னாலேயே வந்த, மக்காவை ஆண்ட குறைஷியரின் தூதர்கள், "ஈஸாவை (இயேசுவை)ப் பற்றி இவர்கள் என்ன சொல்கிறார்கள் என்று கேளுங்கள்" என்று மன்னரிடம் மூட்டிவிட்டார்கள். சொல்லும் பதிலில்தான் அத்தனை பேரின் அடைக்கலமும் தங்கியிருந்தது. ஜஅஃபர் (ரழி) அவர்கள் எதையும் பூசி மெழுகவில்லை. ஈஸா நபி அல்லாஹ்வின் அடியார், அவனுடைய தூதர் என்று, நம்பியதை நம்பியபடியே சொன்னார்கள். மன்னர் அவர்களைக் காட்டிக்கொடுக்கவில்லை.

உங்கள் மகளும் தெரிந்ததை அப்படியே சொல்லட்டும். தெரியாததை, "தெரியாது, படித்துவிட்டுச் சொல்கிறேன்" என்று சொல்லட்டும். முக்காடு ஏன் என்று கேட்டால் தன் காரணத்தைச் சொன்னால் போதும். உலகத்தில் முஸ்லிம்கள் பெயரால் நடக்கும் எல்லாவற்றுக்கும் வக்காலத்து வாங்குவது அவள் கடமையல்ல. ஆப்கானிஸ்தானில் பெண்பிள்ளைகளுக்கு உயர்நிலைப் பள்ளிகளைத் தாலிபான் அடைத்து வைத்திருப்பது அநியாயம். அதை அநியாயம் என்றே சொல்லலாம், ஈமானுக்கு ஒரு குறையும் வராது. குத்திக்காட்டவென்றே கேட்கிறவர்களும் வருவார்கள். அவர்களுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருக்காமல் எழுந்து போகலாம். தொல்லை மீறினால் பல்கலைக்கழகத்தில் முறைப்பாடு செய்ய வேண்டும், பொறுத்துக்கொண்டிருக்கக் கூடாது.

ஈராக்கையும் காஸாவையும் பற்றி அவள் மனத்தில் கோபம் இருந்தால் அதையும் ஒளிக்க வேண்டியதில்லை. நியாயமான கோபம் அது, எனக்கும் இருக்கிறது. ஆனால் 2003 பெப்ரவரி 15 அன்று ஈராக் போர் வேண்டாம் என்று லண்டன் தெருக்களில் இலட்சக்கணக்கானோர் இறங்கினார்கள் என்பதையும் அவள் தெரிந்துகொண்டு போகட்டும். அரசு அவர்களுக்குச் செவிசாய்க்காமல் போருக்குப் போனது. அரசு வேறு, சனங்கள் வேறு என்பதை நாம் இங்கேயே பார்த்தவர்கள்தானே? கொவிட்டில் இறந்த நம்மவர்களின் ஜனாஸாக்களை 2020இல் பலவந்தமாக எரித்தபோது, அதை எதிர்த்து, கொழும்பு பொரளை கனத்தை மயான வேலியில் வெள்ளைத் துணி கட்டச் சிங்களவர்களும் கிறிஸ்தவர்களும் வந்தார்கள். நானும் போயிருந்தேன். கைக்குட்டைகளும் கிழித்த துணித்துண்டுகளும் வேலி நெடுகத் தொங்கின. என் பக்கத்தில் நின்று முடிச்சுப் போட்ட பெண்ணின் கழுத்தில் ஜெபமாலை இருந்தது.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்கிறேன். மான்செஸ்டரில் டிசம்பர் மாதம் நான்கு மணிக்கு முன்பே சூரியன் மறைந்து மஃரிப் தொழுகை நேரம் ஆகிவிடும். ளுஹர், அஸர், மஃரிப் மூன்று தொழுகைகளும் வகுப்பு நேரத்துக்குள் வந்து நெருக்கும். ஜூனிலோ மஃரிபுக்கே இரவு ஒன்பதரை தாண்ட வேண்டும். தொழுகை அறை எங்கே என்று போய்ச் சேர்ந்த முதல் வாரமே விசாரித்து, விரிவுரையாளரிடமும் முன்கூட்டியே சொல்லி வைக்கச் சொல்லுங்கள். ஒளிந்து ஒளிந்து போய்த் தொழ வேண்டாம்.

தம்பிக்கு இன்னும் மனம் ஆறாவிட்டால், மகளையும் அவரையும் ஒன்றாக உட்காரவைத்துப் பேசவிடுங்கள். நீங்கள் நடுவில் புகாதீர்கள், மாமாவுக்குப் பதில் சொல்வதே அவளுக்கு நல்ல பயிற்சி. அதற்காக விசா விண்ணப்பத்தை மட்டும் தள்ளிப்போட வேண்டாம்.