சோபர்ஸின் பந்துவீச்சு சராசரி – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

போன மாதக் கட்டுரையில் 'கிரிக்கெட் கண்ட முழுமையான ஆட்டக்காரர் மேற்கிந்தியத் தீவுகளின் காரி சோபர்ஸ்தான், போட்டியெல்லாம் இரண்டாம் இடத்துக்குத்தான்' என்று எழுதியிருந்தீர்கள். எனக்கு வயது 27. நான் பார்த்து வளர்ந்தது தென்னாப்பிரிக்காவின் ஜாக் காலிஸை. 166 டெஸ்ட், 13,289 ரன், 292 விக்கெட், 200 கேட்ச். சோபர்ஸ் ஆடியது 93 டெஸ்ட். 8,032 ரன், 235 விக்கெட். பேட்டிங் சராசரி 57.78 பெரிதுதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பந்துவீச்சு சராசரி, அதாவது ஒரு விக்கெட்டுக்குக் கொடுத்த ரன், 34.03. இது குறைவாக இருந்தால்தானே நல்லது. ஒரு விக்கெட்டுக்கு ஏறக்குறைய 92 பந்து. காலிஸுக்கு 69தான். இது சுமாரான பந்துவீச்சாளரின் கணக்கு இல்லையா? கேட்டுக் கேட்டு வளர்ந்த பழம்பெருமையோ என்று தோன்றுகிறது. தவறாக நினைக்க வேண்டாம்.

(பெயர் வேண்டாம்), ஈரோடு

அன்புள்ள தம்பிக்கு,

தவறாக நினைக்க ஒன்றுமில்லை. கணக்கோடு வந்திருக்கிறீர்கள், அது எனக்குப் பிடித்திருக்கிறது. நீங்கள் எழுதிய எண்கள் எல்லாமே சரி. ஒன்றை மட்டும் விட்டுவிட்டீர்கள்: வீசிய பந்துகள். காலிஸ் 166 டெஸ்டில் 20,232 பந்து வீசினார். சோபர்ஸ் 93 டெஸ்டிலேயே 21,599 பந்து வீசிவிட்டார். ஒரு டெஸ்டுக்கு என்று வகுத்துப் பாருங்கள். காலிஸுக்குச் சுமார் 20 ஓவர் வரும், சோபர்ஸுக்குச் சுமார் 39 ஓவர். முழுநேரப் பந்துவீச்சாளர் ஒருவரின் வேலை அது. அதைச் செய்துகொண்டே 57.78 சராசரியில் பேட்டும் செய்தார்.

அந்த 34ஐ ஒரே பந்துவீச்சாளரின் சராசரியாகப் படிப்பதில்தான் சிக்கல் என்று நினைக்கிறேன். அதற்குள் மூன்று பேர் இருக்கிறார்கள்.

முதலாமவர் இடது கைச் சுழற்பந்துக்காரர். 1953இல் 16 வயதில், பார்படாஸ் அணிக்காகத் தன் முதல் ஆட்டத்தில், சுற்றுப்பயணம் வந்த இந்திய அணியின் 7 விக்கெட்டுகளை எடுத்தவர் இவர். அடுத்த ஆண்டு கிங்ஸ்டனில் இங்கிலாந்துக்கு எதிராக டெஸ்டுக்கு வந்ததும் பந்துவீச்சாளராகத்தான். பேட்டிங்கில் ஒன்பதாவது இடம். முதல் இன்னிங்ஸில் 75 ரன்னுக்கு 4 விக்கெட்.

இரண்டாமவர் வேகப்பந்துக்காரர். இவர் வளர்ந்தது லங்காஷயரில், ராட்கிளிஃப் என்ற சிறிய ஊரின் கிளப்பில். 1958 முதல் அங்கே லீக் கிரிக்கெட் ஆடினார் சோபர்ஸ். அந்த லீக்கில் ஒரு கிளப்புக்குச் சம்பளம் வாங்கும் ஆட்டக்காரர் ஒருவர்தான். மற்றவர்கள் வாரம் முழுக்க வேறு வேலை பார்த்துவிட்டு சனிக்கிழமை ஆட வருகிறவர்கள். சம்பளம் வாங்குகிறவர் புதிய பந்தையும் எடுக்க வேண்டும், ரன்னும் அடிக்க வேண்டும். ஈரமும் மேகமும் நிறைந்த ஊர், பந்து காற்றில் வளையும். அங்கேதான் இடது கை ஸ்விங் அவருக்குக் கைவந்தது. பின்னாளில் டெஸ்டில் வேகப்பந்துவீச்சாளர் வெஸ் ஹாலோடு புதிய பந்தைப் பகிர்ந்துகொள்ளும் அளவுக்கு அது தேறியது.

மூன்றாமவர் மணிக்கட்டால் சுழற்றுகிறவர், எதிர்பார்ப்புக்கு மாறாக மறுபக்கம் திரும்பும் கூக்ளியோடு சேர்த்து. மூன்றிலும் கடினமான வித்தை இதுதான். வாழ்நாள் முழுக்க இது ஒன்றையே பழகியும் அளவு பிடிபடாமல் போனவர்கள் ஏராளம்.

ஹாலும் இன்னொரு வேகப்பந்துக்காரர் கிரிஃபித்தும் களைத்தால் வேகத்துக்கு ஆள் வேண்டும், சோபர்ஸ். ஆடுகளம் உடைந்து பந்து திரும்பினால் சுழற்பந்துக்காரர் கிப்ஸின் மறுமுனைக்கு ஆள் வேண்டும், மறுபடியும் சோபர்ஸ். ஒன்றுமே நடக்காத மந்தமான மதியத்திலும் யாராவது வீசியாக வேண்டுமே. 1961 மெல்போர்ன் டெஸ்டில் ஒரே இன்னிங்ஸில் நாற்பதுக்கும் மேற்பட்ட ஓவர்கள் வீசினார். அன்றைய ஆஸ்திரேலியாவில் ஓவருக்கு 8 பந்து! 120 ரன் கொடுத்து 5 விக்கெட் எடுத்தார். இப்படி உழைக்கிறவரின் சராசரி 25இல் நிற்காது. வேகம் மட்டும் வீசியிருந்தால் அவர் எண் இன்னும் அழகாக இருந்திருக்கும் என்பது என் எண்ணம். அணிக்குத்தான் ஓர் ஆள் குறைந்திருப்பார்.

மூன்று பேரும் நல்ல மனநிலையில் ஒன்றாக வந்தால் என்ன நடக்கும் என்பதற்கு 1966 லீட்ஸ் டெஸ்ட் இருக்கிறது. பேட்டிங்கில் 174. பந்துவீச்சில் 41 ரன்னுக்கு 5, 39 ரன்னுக்கு 3. இங்கிலாந்து ஒரு இன்னிங்ஸும் 55 ரன்னும் வித்தியாசத்தில் தோற்றது. அந்தத் தொடரின் ஐந்து டெஸ்டில் அவர் 722 ரன், 20 விக்கெட், 10 கேட்ச். அணித்தலைவரும் அவரேதான்.

காலிஸைக் குறைத்துச் சொல்ல இதை எழுதவில்லை. அவர் மகத்தான ஆட்டக்காரர், என் பட்டியலில் சோபர்ஸுக்கு அடுத்த பெயர் அவருடையதுதான். ஆனால் தென்னாப்பிரிக்காவுக்கு டொனால்ட், பொல்லாக், நிட்டினி, ஸ்டெய்ன் என்று வேகப்பந்துக்கு ஆள் இருந்துகொண்டே இருந்தார்கள். காலிஸின் தோளைப் பத்திரப்படுத்த முடிந்தது. சோபர்ஸை யாரும் பத்திரப்படுத்தவில்லை. 1955 முதல் 1972 வரை ஒன்றைக்கூட விடாமல் தொடர்ச்சியாக 85 டெஸ்ட் ஆடினார்.

ஏன் அப்படி ஆடினார் என்பதற்கு, கட்டுரையில் இடமில்லாமல் நான் விட்ட ஒரு சம்பவத்தைச் சொல்ல வேண்டும். 1958 மார்ச்சில், 21 வயதில், பாகிஸ்தானுக்கு எதிராக 365 ரன் அடித்து ஆட்டமிழக்காமல் நின்றார். அவருடைய முதல் டெஸ்ட் சதமே அதுதான். அதுவரை டெஸ்டில் அதிகபட்சமாக இருந்த இங்கிலாந்தின் ஹட்டனுடைய 364 சாதனை போயிற்று. உலகமே அவரைப் பார்த்துக்கொண்டிருந்தது. அடுத்த ஆண்டு செப்டம்பரில், ஓர் இரவில், இங்கிலாந்தில் காரில் போய்க்கொண்டிருந்தார்கள். ஓட்டியவர் சோபர்ஸ். கூடவே சக ஆட்டக்காரர்கள் டாம் ட்யூட்னியும் உயிர்நண்பன் காலி ஸ்மித்தும். ஸ்டாஃபர்ட்ஷயரில் ஒரு லாரியோடு மோதியது. மூன்று நாள் கழித்து ஸ்மித் இறந்துபோனார். அவருக்கு 26 வயது. அவரும் ஆல்ரவுண்டர்தான்.

கவனக்குறைவாக ஓட்டியதற்காக சோபர்ஸுக்கு அபராதம் விதிக்கப்பட்டது. கொஞ்ச காலம் குடியில் விழுந்தார். பிறகு, இனித் தனக்காகவும் காலிக்காகவும் சேர்த்து இரண்டு பேருக்காக ஆட வேண்டும் என்று முடிவு செய்ததாக அவரே சொல்லியிருக்கிறார். அடுத்து வந்த இங்கிலாந்துத் தொடரில் 709 ரன். 'இரண்டு பேருக்காக' என்பதை நான் வெறும் பேச்சாக எடுத்துக்கொள்வதில்லை. அப்புறம் அவர் வீசிய ஓவர் கணக்கைப் பாருங்கள்.

தவறே செய்யாதவர் என்று சொல்லவில்லை. 1970இல் வெள்ளையர் ஆட்சியில் இருந்த ரொடீஷியாவுக்கு (இன்றைய ஜிம்பாப்வே) ஆடப் போனது பெரிய தவறு. கரீபியன் மக்கள் கொதித்ததில் நியாயம் இருந்தது, அவரும் மன்னிப்புக் கேட்டார். 1968இல் போர்ட் ஆஃப் ஸ்பெயினில் 165 நிமிடத்தில் 215 ரன் என்று இலக்கு வைத்து, விக்கெட் மிச்சமிருக்கும்போதே இன்னிங்ஸை முடித்து டிக்ளேர் செய்தார். மூன்று நிமிடம் மிச்சமிருக்க இங்கிலாந்து ஜெயித்துவிட்டது. தீவு தீவாகத் திட்டினார்கள். அடுத்த டெஸ்டில் அதை ஈடுகட்ட அவர் செய்தது: 152 ரன், ஆட்டமிழக்காமல் 95 ரன், 6 விக்கெட். இங்கிலாந்து ஒன்பது விக்கெட்டை இழந்து எப்படியோ டிரா செய்தது. முடிவு எதுவானாலும் சரி, தானே இறங்கி எல்லா வேலையையும் செய்கிற அந்தக் குணம்தான் எனக்கு அவர்.

நம் ஊரும் அதைப் பார்த்திருக்கிறது. 1967 ஜனவரி, சேப்பாக்கம். கடைசி நாளில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு இலக்கு 322. 193க்கு 7 விக்கெட் போய்விட்டது. என் பெரிய மாமா அன்று அரங்கில் இருந்தார், இந்தியா ஜெயித்துவிடும் என்று பக்கத்தில் யாரோ மிட்டாய் கொடுக்கத் தொடங்கிவிட்டார்களாம். சோபர்ஸும் கிரிஃபித்தும் நின்றார்கள். ஆட்டம் முடியும்போது 270க்கு 7, சோபர்ஸ் 74. முதல் இன்னிங்ஸில் 95. மாமாவுக்குக் கடைசிவரை அந்த டிராவைப் பற்றிப் பேசினால் வருத்தமும் வரும், முகத்தில் ஒரு வெளிச்சமும் வரும்.

ஒன்று மட்டும் செய்யுங்கள். 1968 ஆகஸ்ட் 31இல் ஸ்வான்சீயில் சோபர்ஸ் ஒரே ஓவரில் ஆறு சிக்ஸர் அடித்தாரே, அந்தப் படப்பதிவு இணையத்தில் கிடைக்கிறது. ஐந்தாவது பந்தை ரோஜர் டேவிஸ் பிடித்தே விட்டார், பிடித்தபடி எல்லைக்கோட்டைத் தாண்டி விழுந்தார். பார்க்கும்போது பந்து வீசுகிறவரையும் கவனியுங்கள். மால்கம் நாஷ் உண்மையில் இடது கை மிதவேகப் பந்துவீச்சாளர். அன்றைக்குத்தான் இடது கைச் சுழலை முயன்று பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்புடன்.