ஐம்பது கிளை, ஒரே பவளம்

கேள்வி: கரீபியக் கடலில் எல்க்ஹார்ன் பவளம் அடர்ந்து நிற்கும் திட்டுகளிலும் புதுப் பவளம் முளைப்பது அரிது என்கிறார்களே, ஏன்?
– வாசகி, தூத்துக்குடி

பதில்: நோயும் கடல்சூடும் ஒருபுறம் இருக்க, அந்தத் திட்டு முழுவதுமே ஒரே உயிராகவும் இருக்கலாம். அக்ரோபோரா பால்மாட்டா என்ற இந்த இனத்தின் கிளைகள் புயலில் ஒடிந்து, விழுந்த இடத்தில் ஒட்டி வளரும். கண்ணுக்கு ஐம்பது பவளம், மரபணுக் கணக்கில் ஒன்றுதான். ஆண்டுக்கொரு முறை, பெரும்பாலும் ஆகஸ்ட் பௌர்ணமிக்குப் பிந்தைய சில இரவுகளில், முட்டையும் விந்தும் ஒரே பொதியாக வெளிவரும். தன் விந்தால் தன் முட்டை அநேகமாகக் கருவுறாது. பக்கத்தில் வேறு மரபுவகை இல்லையென்றால் அவ்வளவும் வீண்.

கேள்வி: நீரோட்டத்தில் மிதக்கும் இளரிகள் (கருவுற்ற முட்டையிலிருந்து வரும் பவளக் குஞ்சுகள்) எல்லாவற்றையும் கலந்துவிடாதா?
– வாசகர், நாகர்கோவில்

பதில்: கலக்கவில்லை. பவள மரபியல் ஆய்வாளர் இலியானா பாம்ஸின் குழு 2005-இல் வெளியிட்ட ஆய்வில், ஃபுளோரிடா, பஹாமாஸ் உள்ளிட்ட மேற்குக் கூட்டமும், வர்ஜின் தீவுகள், குராசோ உள்ளிட்ட கிழக்குக் கூட்டமும் மரபணு அளவில் தனித்தனியாகப் பிரிந்தன. போர்ட்டோ ரிக்கோவில் மட்டும் கலப்பு தெரிந்தது. டொமினிக்கன் குடியரசுக்கும் போர்ட்டோ ரிக்கோவுக்கும் இடைப்பட்ட மோனா நீரிணையின் ஓட்டம் இளரிகளைக் கடக்கவிடாமல் தடுக்கிறது என்பது பின்வந்த விளக்கம். ஒடிந்து பெருகுவது மேற்கில் அதிகம்.

கேள்வி: குளோனா (ஒடிந்து பெருகிய அதே மரபணு நகலா), தனி உயிரா என்று எப்படிக் கண்டுபிடிப்பது? கல்லூரி ஆய்வுக்காகக் கேட்கிறேன்.
– மாணவி, இராமநாதபுரம்

பதில்: முதலில் அனுமதி. நம் நாட்டில் பாறைப்பவளங்கள் எல்லாம் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ளன. நகமளவு துண்டுக்கும் அனுமதி வேண்டும்.

திட்டின் நடுவில் ஒரு கம்பியை நட்டு, ஒவ்வொரு மாதிரிக்கும் அதிலிருந்து தூரத்தையும் திசையையும் குறித்துக்கொள்ளுங்கள். தள்ளித்தள்ளி நிற்பவற்றை மட்டும் எடுத்தால் குளோன்கள் நழுவிவிடும், பன்மை இருப்பதைவிடக் கூடுதலாகத் தெரியும். துண்டை 95% எத்தனாலில் போடுங்கள். பவளத்திலிருந்து இறங்கும் நீர் எத்தனாலை நீர்க்கச் செய்துவிடும் என்பதால் மறுநாள் அதை மாற்ற வேண்டும். ஃபார்மலின் பக்கமே போகாதீர்கள், டிஎன்ஏ கெடும்.

மைட்டோகாண்ட்ரியா டிஎன்ஏவை நம்பிப் பலர் ஏமாறுகிறார்கள். பவளங்களில் அது மிக மெதுவாகவே மாறும், ஓரினத்துக்குள் அநேகமாக வேறுபாடு காட்டாது. மைக்ரோசாட்டிலைட் (டிஎன்ஏவில் சில எழுத்துகள் திரும்பத்திரும்ப வரும் பகுதி) பயன்படுத்துங்கள். திசுவுக்குள் வாழும் பாசியின் டிஎன்ஏவும் கூடவே வரும், ஆகவே பிரைமர் (பெருக்க வேண்டிய டிஎன்ஏ பகுதியில் ஒட்டும் சிறு துண்டு) பாசியின் டிஎன்ஏவில் ஒட்டாததாக இருக்க வேண்டும். ஒரே ஒரு மைக்ரோசாட்டிலைட்டில் மட்டும் மாறுபடும் இரண்டு மாதிரிகளை உடனே தனி உயிர் என்று எழுதிவிடாமல் பிசிஆரை (டிஎன்ஏவைப் பெருக்கும் சோதனையை) மறுபடி ஓட்டிப் பாருங்கள். ஓர் அல்லீல் (ஒரே மரபணு இடத்தின் மாற்று வடிவம்) பெருகாமல் விட்டுப்போயிருக்கலாம். அல்லீல் விகிதம் கணக்கிடும்போது ஒவ்வொரு குளோனையும் ஒருமுறை மட்டுமே சேருங்கள்.