போலீஸைப் படம் எடுத்ததற்குக் கைது: விசாவில் இருப்பவர் வழக்குப் போட முடியுமா?

கேள்வி: டெக்சஸில் ஹெச்-1பி விசாவில் வேலை பார்க்கிறேன். ஒரு பார்க்கிங் லாட்டில் சிட்டி போலீஸ்காரர் ஒருவர் என் நண்பரைக் குப்புறத் தள்ளி விலங்கு மாட்டினார். நான் தள்ளி நின்று போனில் படம் எடுத்தேன். “எடுக்காதே” என்றார், நான் நிறுத்தவில்லை. போனைப் பிடுங்கிக்கொண்டு, கடமையைச் செய்யவிடாமல் குறுக்கிட்டதாக என்னையும் கைது செய்தார். ஒரு ராத்திரி லாக்கப். 14 மாதம் கழித்துப் போன வாரம்தான் அரசு வழக்கறிஞரே கேஸைக் கைவிட்டார். அந்தப் போலீஸ்காரர் மீதும் சிட்டி மீதும் வழக்குப் போடலாமா? விசா போய்விடும் என்று வீட்டில் பயப்படுகிறார்கள்.

பதில்: போலீஸ்காரர் மீது போடலாம். சிட்டி மீது போடுவது கஷ்டம். காரணம் பிறகு சொல்கிறேன், முதலில் வீட்டாரின் பயம்.

அரசு அதிகாரத்தை வைத்து அரசியலமைப்பு உரிமையைப் பறித்தவர் மீது வழக்குத் தொடுக்க வழி செய்யும் சட்டம் 1871-ல் வந்தது. இன்று அதை ‘செக்‌ஷன் 1983’ என்பார்கள். குடிமகனுக்கு மட்டுமின்றி, அமெரிக்க ஆட்சி எல்லைக்குள் இருக்கும் எவருக்கும் அது பொருந்தும் என்று அந்தப் பிரிவிலேயே இருக்கிறது. வழக்குத் தொடுப்பது விசா நிபந்தனையை மீறுவதாகாது. விசாக்காரர் என்பதால் வாயைப் பொத்திக்கொண்டு இருக்க வேண்டும் என்ற நினைப்பை நம் ஆட்கள் விட்டொழிக்க வேண்டும் என்பது என் ஆசை.

விசாவில் கேள்வி கேட்கப்போவது அந்தக் கைதைப் பற்றித்தான். விசா விண்ணப்பத்தில், எப்போதாவது கைதானீர்களா என்று கேட்பார்கள். கேஸ் தள்ளுபடியானாலும் ‘ஆமாம்’ என்றுதான் எழுத வேண்டும். அதனால் தள்ளுபடி உத்தரவின் சான்றிட்ட நகல் இரண்டு மூன்று வாங்கி வையுங்கள். கைது ரெக்கார்டையே அழித்துவிடலாம், டெக்சஸில் அதற்கு எக்ஸ்பங்ஷன் என்று வழி இருக்கிறது என்று யாராவது சொல்வார்கள். நல்ல வழிதான், ஆனால் இப்போது அவசரப்படாதீர்கள். அந்த உத்தரவு வந்தால் போலீஸ் ரிப்போர்ட் முதல் எல்லாம் அழிக்கப்படும், உங்கள் வழக்குக்கான ஆதாரமும் அதோடு போய்விடும். விசாவுக்குக் காட்டப் பேப்பரும் இருக்காது.

அடுத்தது காலக்கெடு, உங்களுக்கு மிக அவசரமானது இதுதான். டெக்சஸில் இந்த வழக்குக்கு 2 வருடம். கேஸ் தள்ளுபடியான நாளிலிருந்து எண்ணி ஏமாந்துபோகிறவர்கள் நிறைய. சட்டவிரோதக் கைதுக்கு, மாஜிஸ்ட்ரேட் முன் நிறுத்தியபோதே காலம் ஓட ஆரம்பித்துவிடும் என்று 2007-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கணக்குப் போட்டால் உங்களிடம் பத்து மாதம்கூட மிச்சமில்லை. வேண்டுமென்றே பொய்க் கேஸ் நடத்தினார்கள் என்ற தனிக் கோரிக்கைக்கு மட்டும்தான் தள்ளுபடியான நாள் கணக்கு.

சரி, ஜெயிக்க முடியுமா? போலீஸ் தரப்பு முதலில் நீட்டும் கேடயம் ‘குவாலிஃபைட் இம்யூனிட்டி’. அதாவது, அந்த உரிமை ஏற்கெனவே தெளிவாக நிலைநாட்டப்பட்டதாக இருந்தால்தான் அதிகாரி சொந்தப் பொறுப்பில் பதில் சொல்ல வேண்டும். இங்கே உங்களுக்குச் சாதகம் இருக்கிறது. போலீஸைப் படம் எடுப்பது பேச்சுரிமையில் அடங்கும், அதற்கு நியாயமான கட்டுப்பாடுகள் மட்டும் உண்டு என்று டெக்சஸை உள்ளடக்கிய ஃபெடரல் மேல்முறையீட்டு நீதிமன்றமான ஐந்தாவது சர்க்யூட் 2017-ல் தீர்ப்பளித்தது.

அப்புறம் அவர்கள் சொல்லப்போவது, கைதுக்கு முகாந்திரம் இருந்தது என்பது. முகாந்திரம் இருந்தால் சட்டவிரோதக் கைது என்ற கோரிக்கையே விழுந்துவிடும். படம் எடுத்ததற்குப் பழிவாங்கினார் என்ற கோரிக்கையும் பெரும்பாலும் நிற்காது, 2019-ல் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் சொன்னது. ஆகவே மொத்த வழக்கும் நீங்கள் எத்தனை அடி தள்ளி நின்றீர்கள், “பின்னால் போ” என்று அவர் சொன்னாரா, நீங்கள் போனீர்களா என்பதில்தான் நிற்கும். வெறும் பேச்சால் மட்டும் குறுக்கிட்டவரைத் தண்டிக்க முடியாது என்று குறுக்கீடு பற்றிய டெக்சஸ் சட்டத்திலேயே இருக்கிறது. ஆனால் கையை நீட்டியிருந்தால் கதை வேறு. உங்கள் போன் வீடியோவின் ஒரிஜினலை வெட்டாமல், வாட்ஸ்அப்பில் சுருக்காமல், அப்படியே இரண்டு இடத்தில் சேமியுங்கள். அவரது பாடி கேமரா பதிவை எப்படியாவது பெற வேண்டும். டெக்சஸில் அதைக் குறைந்தது 90 நாள் வைத்திருக்க வேண்டும் என்பதே விதி, அது எப்போதோ தாண்டிவிட்டது. ஆனால் கிரிமினல் கேஸ் நடந்ததால் உங்கள் பழைய வக்கீலிடமோ அரசு வழக்கறிஞரிடமோ நகல் இருக்க நல்ல வாய்ப்பு. இன்றே கேளுங்கள். ஆதாரத்தை அழிக்கக் கூடாது என்று சிட்டிக்கு ஒரு நோட்டீஸும் அனுப்புங்கள்.

சிட்டி விஷயத்துக்கு வருகிறேன். ஊழியர் செய்தார் என்பதற்காக மட்டும் சிட்டி பொறுப்பாகாது. சிட்டியின் கொள்கையோ, வழக்கமான நடைமுறையோ, படுமோசமான பயிற்சியோதான் உங்கள் உரிமையைப் பறித்தது என்று நிரூபிக்க வேண்டும். அதே ஆள் மீது பழைய புகார்கள் குவிந்து கிடந்து, யாரும் கண்டுகொள்ளவில்லை என்றால் முயன்று பார்க்கலாம்.

வக்கீல் செலவுக்குப் பயப்பட வேண்டாம். ஜெயித்தால் எதிர்த்தரப்பே உங்கள் வக்கீல் கட்டணத்தைக் கொடுக்க உத்தரவிடச் சட்டம் இருக்கிறது. அதனால் முன்பணம் வாங்காமல் எடுத்து நடத்துகிறவர்கள் உண்டு. சிவில் ரைட்ஸ் வழக்கு மட்டுமே பார்ப்பவராகத் தேடுங்கள், கூடவே இமிக்ரேஷன் வக்கீலிடமும் ஒரு தடவை பேசுங்கள்.

நீங்கள் எழுதாத ஒன்று பாக்கி இருக்கிறது. கேஸைக் கைவிடும்போது உங்களிடம் ஏதாவது கையெழுத்து வாங்கினார்களா? “போலீஸ் மீது வழக்குப் போட மாட்டேன்” என்று எழுதிக் கொடுத்துவிட்டுக் கேஸிலிருந்து வெளியே வந்திருந்தால், அந்த ஒப்பந்தம் செல்லுபடியாகலாம் என்று 1987-லேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. எந்த வக்கீலைப் பார்க்கப் போனாலும் அந்தப் பேப்பரைத் தேடி எடுத்துக்கொண்டு போங்கள்.